பாரசீகப் பேரரசு எப்படி இயங்கியது? ஓர் எளிய அறிமுகம்

பண்டைய பாரசீகர் என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது இரண்டு சித்திரங்களில் ஒன்றுதான். ஒன்று, ஆங்கிலப் படங்களில் வரும் அரசன்: உடம்பெல்லாம் நகை, முகத்தில் கொடூரம், சாட்டைக்குப் பயந்து முன்னால் ஓடும் லட்சக்கணக்கான வீரர்கள். இன்னொன்று வாட்ஸ்அப்பில் சுற்றுவது: உலகின் முதல் மனித உரிமைச் சாசனத்தை எழுதி, அடிமை முறையை ஒழித்து, எல்லா மதங்களையும் சமமாக நடத்திய மாமனிதர் சைரஸ். இரண்டுமே சரியில்லை. முதல் சித்திரம் எதிரிகள் எழுதியதை அப்படியே நம்பியதால் வந்தது. இரண்டாவது 20-ம் நூற்றாண்டு அரசியலில் பிறந்தது.

இந்த இரண்டு சித்திரங்களும் மறைத்துவிடும் கேள்வி ஒன்று இருக்கிறது. சிந்து நதியிலிருந்து ஏஜியன் கடல் வரை, எகிப்திலிருந்து மத்திய ஆசியா வரை, பல மொழி பேசிய, பல தெய்வங்களைக் கும்பிட்ட மக்களை ஏறக்குறைய 200 ஆண்டுகள் ஒரே ஆட்சியின் கீழ் வைத்திருந்தார்கள். அதற்கு முன் உலகில் அவ்வளவு பெரிய அரசு இருந்ததில்லை. பாரசீக மொழி பேசியவர்களோ அதில் சிறு கூட்டம். எப்படி முடிந்தது? இந்தக் கட்டுரை அதைத்தான் சொல்ல முயல்கிறது. பாரசீகர் உலகத்துக்கு விட்டுப்போனது என்ன என்பதும் அந்த விடைக்குள்ளேயே இருக்கிறது.

முதலில், யார் இந்தப் பாரசீகர்?

இன்றைய ஈரானின் தென்மேற்கில் பார்ஸ் என்று ஒரு மாகாணம் இருக்கிறது. அதன் பழைய பெயர் பார்சா. கிரேக்கர்கள் அதை பெர்சிஸ் என்றார்கள். மேற்கத்திய மொழிகளில் முழு நாட்டுக்கும் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. அந்த நாட்டு மக்கள் தங்கள் நாட்டை நெடுங்காலமாக ஈரான் என்றே அழைத்து வந்தார்கள். 1935-ல் ஈரான் அரசு மற்ற நாடுகளும் அப்படியே அழைக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டது.

பாரசீகர் அரபுகள் அல்லர். பாரசீக மொழி, சமஸ்கிருதத்துக்கு உறவான இந்தோ-ஈரானியக் கிளையைச் சேர்ந்தது. அரபு மொழியோ ஹீப்ரு போன்ற செமிட்டிக் மொழிகளின் உறவினம். இன்று பாரசீக மொழி அரபு எழுத்தில் எழுதப்படுவதால் இந்தக் குழப்பம் வருகிறது. எழுத்து மாறினாலும் மொழியின் குடும்பம் மாறாது.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். இஸ்லாம் வருவதற்கு முன் ஈரானில் ஒரே ஒரு பாரசீகப் பேரரசு இருக்கவில்லை. முதலில் வந்தது அகாமனிசியப் பேரரசு, ஏறக்குறைய கி.மு. 550 முதல் 330 வரை. அலெக்சாண்டரும் அவருடைய தளபதிகளின் வழிவந்தவர்களும் ஆண்ட இடைவெளிக்குப் பிறகு பார்த்தியர், அவர்களுக்குப் பின் கி.பி. 224 முதல் 651 வரை சாசானியர். கேள்விப்படுகிற கதைகளில் இந்த மூன்றும் ஒன்றோடொன்று கலந்துவிடுகின்றன. நான் பெரும்பாலும் முதலாவதைப் பற்றித்தான் பேசப்போகிறேன், ஏனென்றால் ஆட்சி முறையை உண்டாக்கியது அதுதான்.

சைரஸும் களிமண் உருளையும்

கி.மு. 559 வாக்கில் பார்சாவில் ஒரு சிறிய அரசனாக ஆட்சிக்கு வந்தவர் இரண்டாம் சைரஸ். வடக்கே இருந்த மீடியர்களை கி.மு. 550-ல் வென்றார். சில ஆண்டுகளில் இன்றைய துருக்கியின் மேற்கில் இருந்த லிடியா நாடு விழுந்தது. அதன் அரசர் குரோசஸ், செல்வத்துக்குப் பேர்போனவர். கி.மு. 539-ல் பாபிலோன். அவருடைய மகன் காம்பிசஸ் கி.மு. 525-ல் எகிப்தைப் பிடித்தார். ஒரு தலைமுறை கடப்பதற்குள் மேற்காசியாவின் பழைய வல்லரசுகள் எல்லாம் ஒரே குடும்பத்தின் கையில்.

1879-ல் பாபிலோனின் இடிபாடுகளில் ஒரு களிமண் உருளை கிடைத்தது. ஒரு முழத்துக்கும் குறைவான நீளம், இப்போது லண்டனில் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதில் எழுதியிருப்பது ஆப்பெழுத்து. ஆப்பெழுத்து என்றால், ஈரக் களிமண்ணில் நாணல் குச்சியை அழுத்தி, ஆப்பு வடிவக் கீறல்களால் எழுதும் முறை. பாபிலோன் அரசர் நபோனிடஸ் தெய்வங்களை முறையாக வழிபடவில்லை, அதனால் நகரத்தின் பெருந்தெய்வமான மர்துக் கோபம் கொண்டு, நல்ல அரசன் ஒருவனைத் தேடி, சைரஸைக் கைப்பிடித்து அழைத்து வந்தார் என்கிறது அந்த உருளை. வேறு ஊர்களிலிருந்து கொண்டுவரப்பட்டிருந்த தெய்வச் சிலைகளை அவரவர் கோயிலுக்குத் திருப்பி அனுப்பியதையும், அந்த மக்களை ஊர் திரும்பவிட்டதையும் சொல்கிறது.

அடிமை முறையை ஒழித்ததாக அதில் ஒரு வரி கூட இல்லை. யூதர்கள் பற்றியும் இல்லை. அவர்கள் எருசலேமுக்குத் திரும்பிய செய்தி விவிலியத்திலிருந்து வருகிறது. இணையத்தில் சுற்றும் 'சைரஸின் சாசனம்' என்ற நீண்ட மொழிபெயர்ப்பு போலியானது. சைரஸுக்கு முன்னால் இருந்த பாபிலோனிய அரசர்களும் கோயிலைப் புதுப்பித்தேன், மக்களைக் காத்தேன் என்று இதே தொனியில் எழுதியிருக்கிறார்கள். ஊர் வழக்கத்தைத் தெரிந்துகொண்டு, ஊர்ப் பூசாரிகளின் மொழியில், ஊர்த் தெய்வத்தின் பெயரால் ஒரு வெளிநாட்டு அரசன் தன்னை அறிமுகப்படுத்திக்கொள்கிறான். அதுதான் அந்த உருளை.

பிறகு மனித உரிமைப் பேச்சு எங்கிருந்து வந்தது? 1971-ல் ஈரான் மன்னர் முகம்மது ரெசா ஷா, பாரசீக முடியாட்சியின் 2,500 ஆண்டு விழாவைப் பழைய அரச நகரமான பெர்செபோலிஸின் இடிபாடுகளுக்கு அருகில் பெரிய செலவில் கொண்டாடினார். அந்த ஆண்டுதான் உருளையின் நகல் ஐக்கிய நாடுகள் சபைக்குப் பரிசாகத் தரப்பட்டது. முதல் மனித உரிமைச் சாசனம் என்ற பெயர் அப்படித்தான் உலகமெங்கும் பரவியது.

இதைச் சொல்வதால் சைரஸ் சிறுத்துப் போய்விட மாட்டார் என்று நினைக்கிறேன். வென்ற நகரத்தை எரித்து, தெய்வச் சிலையைத் தூக்கிக்கொண்டு போவது அந்தக் காலத்தில் சாதாரணம். அதைச் செய்யாமல் விட்டது ஒரு கணக்கான முடிவு. அந்த முடிவால் ஆயிரக்கணக்கானவர்கள் உயிரோடும் வீட்டோடும் இருந்தார்கள்.

சுருக்கமாக: சைரஸ் நாடுகளை வேகமாகப் பிடித்தார், பிடித்த இடத்தில் அந்த ஊர் அரசனைப் போலவே நடந்துகொண்டார். ஆனால் பிடிப்பது வேறு, நடத்துவது வேறு. நடத்தும் முறை இன்னும் உருவாகவில்லை.

பேரரசு உடையவிருந்த ஆண்டு

காம்பிசஸ் கி.மு. 522-ல் இறந்தார். ஆட்சியைப் பிடித்தவர் டேரியஸ். பழைய பாரசீகத்தில் அவர் பெயர் தாரயவவுஷ். சைரஸின் குடும்பத்தோடு தனக்கு உறவு உண்டு என்று அவர் சொன்னாலும் அறிஞர்கள் பலர் அதைச் சந்தேகிக்கிறார்கள். அவர் பதவி ஏற்றதும் நாடு முழுக்கக் கலகம் வெடித்தது. பாபிலோன், மீடியா, பார்சாவுக்குப் பக்கத்து நாடான எலாம், பார்சாவிலேயே கூட.

ஒரே ஆண்டில் 19 போர்கள் செய்து 9 அரசர்களைப் பிடித்ததாக டேரியஸ் எழுதி வைத்திருக்கிறார். எழுதிய இடம், மேற்கு ஈரானில் பெகிஸ்தூன் என்ற மலைப்பாறை. கழுத்தில் கயிறு கட்டிய கலக அரசர்கள் வரிசையாக நிற்க, ஒருவன் டேரியஸின் காலடியில் கிடக்கிறான். பக்கத்தில் பழைய பாரசீகம், எலாமியம், பாபிலோனியம் என்று மூன்று மொழிகளில் ஒரே செய்தி. மீடியாவில் கலகம் செய்தவனின் மூக்கையும் காதுகளையும் நாக்கையும் அறுத்து, ஒரு கண்ணைப் பிடுங்கி, பிறகு கழுவேற்றியதாக அவரே பெருமையோடு சொல்கிறார். பாரசீகர் என்றாலே மென்மையான ஆட்சி என்று நினைப்பவர்கள் இந்தக் கல்வெட்டை ஒருமுறை முழுதாகப் படிக்க வேண்டும்.

அந்தச் செய்தி பாறையோடு நிற்கவில்லை. எகிப்தின் தென் எல்லையில், நைல் நதியில் இருக்கும் எலிஃபன்டைன் தீவில், அதே வாசகத்தின் பிரதி பாப்பிரஸ் தாளில் அரமேய மொழியில் கிடைத்திருக்கிறது. மலையில் வெட்டியதை நகலெடுத்து, மொழிபெயர்த்து, பேரரசின் மறுகோடி வரை அனுப்பியிருக்கிறார்கள். டேரியஸின் ஆட்சி எப்படிப்பட்டது என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி கிடைப்பது கடினம்.

ஒரு கடிதமும் ஒரு படி மாவும்

இப்போது இயந்திரத்துக்குள் போகலாம். ஒரு பழக்கமான காட்சியிலிருந்து தொடங்குவோம். அரசு ஊழியர் ஒருவர் அலுவலாக வெளியூர் போகிறார். கையில் அலுவலக உத்தரவு இருக்கிறது. அந்த ஊர் அரசுப் பயணியர் விடுதியில் காவலாளியிடம் அதைக் காட்டுகிறார். காவலாளிக்கு இவர் யாரென்று தெரியாது, தெரியவும் வேண்டியதில்லை. உத்தரவில் முத்திரை இருக்கிறதா, எத்தனை பேர், எத்தனை நாள் என்று பார்க்கிறார், பதிவேட்டில் எழுதிக் கையெழுத்து வாங்குகிறார், அறையைத் திறந்துவிடுகிறார். செலவு பிறகு துறையின் கணக்கில் ஏறும்.

பாரசீகப் பேரரசு ஓடியது இப்படித்தான். நமக்கு இது எப்படித் தெரியும்? 1933-ல் பெர்செபோலிஸ் அரண்மனை மேட்டின் கோட்டைச் சுவர் அறைகளில் களிமண் பலகைகள் ஆயிரக்கணக்கில் கிடைத்தன. பெர்செபோலிஸ் டேரியஸ் கட்டத் தொடங்கிய அரச நகரம். அந்தப் பலகைகள் கி.மு. 509 முதல் 493 வரையிலான கணக்குச் சீட்டுகள். உள்ளங்கையில் அடங்கும் அளவு, பெரும்பாலானவை எலாமிய மொழியில். போர் வெற்றி எதுவும் அவற்றில் கிடையாது. யாருக்கு எவ்வளவு வாற்கோதுமை, எவ்வளவு மாவு, எவ்வளவு திராட்சை மது கொடுத்தோம் என்பது மட்டுமே.

பயணிகளின் சீட்டுகள் தனி வகை. இன்னார், இத்தனை பேரோடு, இந்த இடத்திலிருந்து அந்த இடத்துக்குப் போகிறார். அரசனின் அல்லது இன்ன அதிகாரியின் முத்திரையிட்ட கடிதம் வைத்திருக்கிறார். இவ்வளவு மாவு பெற்றுக்கொண்டார். கொடுத்தவர் முத்திரை ஒரு பக்கம், வாங்கியவர் முத்திரை இன்னொரு பக்கம். மேற்கே லிடியாவின் தலைநகரான சார்டிஸுக்குப் போகிறவர்களும், கிழக்கே ஹிந்துஷ் எனப்பட்ட சிந்துப் பகுதியிலிருந்து வருகிறவர்களும் இந்தச் சீட்டுகளில் இருக்கிறார்கள். சீட்டுகளைத் தொகுத்து ஆண்டுக் கணக்கும் எழுதினார்கள்.

கணக்கு மட்டும் இருக்கும் இடத்தில் மனிதர்கள் இருக்க மாட்டார்கள் என்று தோன்றலாம். உண்மை நேர்மாறானது. அரச குடும்பப் பெண்களுக்குத் தனி நிலமும் முத்திரையும் இருந்தன; தன் மனைவி இர்தஷ்துனாவுக்கு 100 ஆடுகள் கொடுக்கும்படி டேரியஸ் இட்ட ஆணை இருக்கிறது. குழந்தை பெற்ற தொழிலாளிப் பெண்களுக்குக் கூடுதல் உணவு உண்டு, ஆனால் ஆண் குழந்தை பிறந்தால் பெண் குழந்தைக்குத் தருவதைப் போல இரு மடங்கு. வேலைக் குழுக்களின் தலைவிகளாக இருந்த பெண்கள் சாதாரண ஆண் தொழிலாளியைவிட அதிகம் பெற்றார்கள். பெர்செபோலிஸ் நிர்வாகத்தின் தலைவர் பர்னாகா, கி.மு. 500-ல் ஒரு கடிதத்தில், முன்பு என்னிடம் இருந்த முத்திரை மாற்றப்பட்டுவிட்டது, இனி இந்தக் கடிதத்தில் இருப்பதுதான் என் முத்திரை என்று அறிவிக்கிறார். முத்திரை மாறினால் ஊருக்கெல்லாம் தெரிவித்தாக வேண்டும், ஏனென்றால் மாவுக் கிடங்கைத் திறக்கும் சாவி அதுதான்.

மதத்தைப் பற்றியும் இந்தப் பலகைகள் பேசுகின்றன. டேரியஸ் தன் கல்வெட்டுகளில் அஹுர மஸ்தா என்ற தெய்வத்தின் அருளால் அரசனானேன் என்று திரும்பத் திரும்பச் சொல்வார். அவருடைய அரண்மனைக் கிடங்கிலிருந்தோ எலாமியத் தெய்வமான ஹும்பானின் வழிபாட்டுக்கும் தானியம் போகிறது, அஹுர மஸ்தாவுக்குப் போனதைவிட அதிகமாகவே. யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை. கிடங்குக்காரர் கொடுத்தார், எழுதினார்.

எல்லோருக்கும் புரிந்த மொழி

சரி, பெர்செபோலிஸ் சுற்றுவட்டாரத்தில் எலாமியத்தில் கணக்கு எழுதலாம். எகிப்துக்கும், இன்றைய ஆப்கானிஸ்தான் பக்கம் இருந்த பாக்திரியாவுக்கும் ஆணை எந்த மொழியில் போகும்? பாரசீகத்தில் அல்ல. வென்றவர்கள் தங்கள் மொழியைத் திணிக்காமல், சிரியா, மெசபடோமியா பகுதியில் ஏற்கெனவே வணிகர்களும் எழுத்தர்களும் பழகிப்போயிருந்த அரமேயத்தை எடுத்துக்கொண்டார்கள். அரமேயம் 22 எழுத்துகள் கொண்ட செமிட்டிக் மொழி. ஆப்பெழுத்துக்கு நூற்றுக்கணக்கான குறிகள் கற்க வேண்டும், களிமண் வேண்டும். இதை மையால் தோலிலோ பாப்பிரஸிலோ எழுதி, சுருட்டி, முத்திரை வைத்து, குதிரையில் அனுப்பலாம்.

அரசன் பாரசீகத்தில் சொல்வார். எழுத்தர் அரமேயத்தில் எழுதுவார். இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் இன்னோர் எழுத்தர் அதைப் பிரித்து, அங்குள்ள மொழியில் வாசித்துச் சொல்வார். ஆளப்படும் மக்கள் பாரசீகம் கற்க வேண்டிய கட்டாயமே இல்லை. என் பார்வையில் பாரசீகர் செய்த மிகப் பெரிய முடிவு இதுதான். தங்கள் மொழியை நிர்வாக மொழி ஆக்கும் அதிகாரம் கையில் இருந்தும் அவர்கள் அதைச் செய்யவில்லை.

எகிப்தின் ஆளுநராக இருந்த அர்ஷாமா, கி.மு. 5-ம் நூற்றாண்டில் தோலில் எழுதி அனுப்பிய அரமேயக் கடிதங்கள் கிடைத்திருக்கின்றன. அதில் ஒன்று, அவருடைய நிலங்களைக் கவனித்த நஹ்தோர் என்ற எகிப்தியருக்கான பயணச் சீட்டு. வழியில் இருந்த ஒவ்வோர் எஸ்டேட் அதிகாரியின் பெயரையும் குறிப்பிட்டு, இவருக்கும் இவருடைய ஆட்களுக்கும் குதிரைகளுக்கும் நாள்தோறும் இவ்வளவு கொடுங்கள், ஒரே இடத்தில் ஒரு நாளுக்கு மேல் தங்கினால் கூடுதலாகக் கொடுக்க வேண்டாம் என்கிறது. பெர்செபோலிஸ் பலகைகளில் பார்த்த அதே முறை, ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி, வேறு மொழியில்.

சத்ரப், சாலை, திறை

பேரரசு மாகாணங்களாகப் பிரிக்கப்பட்டிருந்தது. மாகாண ஆளுநரின் பெயர் சத்ரப். பெரும்பாலும் அரச குடும்பத்தையோ உயர்ந்த பாரசீகக் குடும்பத்தையோ சேர்ந்தவர். அவருக்குக் கீழே உள்ளூர்க்காரர்கள் அப்படியே தொடர்ந்தார்கள்: பொனீசிய நகரங்களில் சொந்த அரசர்கள், எருசலேமில் யூதக் குருக்கள், பாபிலோனில் கோயில் நிர்வாகிகள். எகிப்தில் உத்ஜஹொர்ரெஸ்னெத் என்ற கடற்படை அதிகாரி ஒருவர் இருந்தார். பாரசீகர் வந்ததும் காம்பிசஸுக்கு எகிப்திய முறைப்படி அரச பட்டப்பெயர்களை அமைத்துக் கொடுத்து, சாயிஸ் நகரத்துக் கோயிலில் குடியேறியிருந்த அந்நியர்களை வெளியேற்றும்படி அந்த அரசரிடமே கேட்டு, அதைச் சாதித்தும் கொண்டார். தன் சிலையின் மேல் இதையெல்லாம் எழுதி வைத்திருக்கிறார். உள்ளூர்ப் பெரியவர்களுக்கு லாபம் இருந்ததால்தான் முறை நிலைத்தது.

சார்டிஸிலிருந்து, ஈரானின் தென்மேற்கில் இருந்த அரச நகரமான சூசா வரை அரச சாலை ஓடியது, ஏறக்குறைய 2,500 கிலோமீட்டர். கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் அதில் 111 தங்குமிடங்கள் இருந்ததாகவும், நடந்து போனால் 90 நாள் ஆகும் என்றும் கணக்குச் சொல்கிறார். அரசத் தூதர்கள் இடத்துக்கு இடம் குதிரையும் ஆளும் மாறி மாறிக் கடிதத்தை எடுத்துப்போனார்கள்.

திறை, அதாவது ஆளப்படும் நாடுகள் ஆண்டுதோறும் அரசனுக்குக் கட்டியது, மாகாணத்துக்கு மாகாணம் வேறு. இந்தியப் பகுதி 360 தாலந்து பொன்துகள் கொடுத்ததாக ஹெரோடோட்டஸ் சொல்கிறார். பார்சாவின் பாரசீகர்கள் திறை கட்ட வேண்டியதில்லை என்றும் அவரே சொல்கிறார். ஆக, எல்லோரும் சமம் என்ற பேச்சுக்கே இடமில்லை. செல்வம் ஒரு திசையில்தான் ஓடியது.

அது எங்கே போய்ச் சேர்ந்தது என்பதை டேரியஸ் தன் சூசா அரண்மனைக் கல்வெட்டில் ஒளிக்காமல் சொல்கிறார். தேவதாரு மரம் லெபனானிலிருந்து, பொன் சார்டிஸிலிருந்தும் பாக்திரியாவிலிருந்தும், நீலக்கல் மத்திய ஆசியாவின் சோக்தியானாவிலிருந்து, யானைத் தந்தம் எத்தியோப்பியா, சிந்து, இன்றைய தெற்கு ஆப்கானிஸ்தானான அரக்கோசியா பகுதிகளிலிருந்து. கல் செதுக்கியவர்கள் அயோனியக் கிரேக்கரும் லிடியரும், பொன் வேலை செய்தவர்கள் மீடியரும் எகிப்தியரும், செங்கல் வேலை பாபிலோனியர். உலகம் முழுக்கத் தனக்காக உழைக்கிறது என்பதே அவருடைய பெருமை. அந்த வேலையாட்களில் எத்தனை பேர் விரும்பி வந்தார்கள் என்பது வேறு விஷயம். கலகம் செய்த ஊர்களின் மக்களைக் கூண்டோடு பெயர்த்து வேறு இடத்தில் குடியமர்த்தும் வழக்கம் பாரசீகருக்கும் உண்டு, கி.மு. 490-ல் எரித்ரியா என்ற கிரேக்க நகரத்தாரை அப்படித்தான் சூசாவுக்கு அருகில் கொண்டுவந்து வைத்தார்கள்.

நின்று பார்த்தால்: மேலே பாரசீக சத்ரப், கீழே உள்ளூர் ஆட்கள், நடுவில் அரமேயம் எழுதத் தெரிந்த எழுத்தர்கள். இவர்களை இணைப்பது சாலையும் முத்திரையும் கணக்கும். பிறர் வழக்கங்களில் கை வைக்காததும் இதன் ஒரு பகுதிதான். திறை வருகிற வரை, கலகம் இல்லாத வரை.

கிரேக்கர் சொன்ன கதை

பாரசீகரைப் பற்றி நமக்குத் தொடர்ச்சியான கதையாகக் கிடைப்பதெல்லாம் கிரேக்கர் எழுதியது. பாரசீகர் கல்வெட்டும் கணக்கும் விட்டுப்போனார்கள், வரலாற்று நூல்கள் விட்டுப்போகவில்லை. அதனால் மாரத்தான் (கி.மு. 490), தெர்மோபிலே, சலாமிஸ் (கி.மு. 480), பிளாட்டியா (கி.மு. 479) ஆகிய போர்களே பாரசீக வரலாறு என்பது போல ஆகிவிட்டது. டேரியஸின் மகன் சர்க்சஸ் 17 லட்சம் காலாட்படையோடு வந்தார் என்று ஹெரோடோட்டஸ் எழுதினார். அத்தனை பேருக்கும் சோறும் தண்ணீரும் வழியில் கிடைத்திருக்க முடியாது என்பதால் இன்றைய ஆய்வாளர்கள் அதை ஏற்பதில்லை.

கிரேக்கரிடம் தோற்றது உண்மை. ஆனால் அதோடு பேரரசு விழவில்லை. அதற்குப் பிறகும் 150 ஆண்டு இருந்தது. சலாமிஸில் பாரசீகக் கடற்படையைத் தோற்கடித்த ஏதென்ஸ் தலைவர் தெமிஸ்டோக்ளிஸ், பின்னாளில் சொந்த ஊராரால் துரத்தப்பட்டு, பாரசீக அரசனிடமே அடைக்கலம் புகுந்து, அவர் கொடுத்த நகரத்தில் வாழ்ந்து இறந்தார். ஏதென்ஸும் ஸ்பார்ட்டாவும் சண்டையிட்டபோது ஸ்பார்ட்டாவின் கப்பல்களுக்குப் பாரசீகப் பணம் போனது. கி.மு. 386-ல் கிரேக்க நகரங்களுக்குள் சமாதானம் எப்படி இருக்க வேண்டும் என்று ஆணையிட்டவர் பாரசீக அரசர் இரண்டாம் அர்தசர்க்சஸ். சுதந்திரத்துக்கும் அடிமைத்தனத்துக்கும் நடந்த போர் என்ற கதையில் இதற்கெல்லாம் இடம் கிடைப்பதில்லை.

வென்றவன் வாங்கிக்கொண்ட இயந்திரம்

கி.மு. 331-ல் கௌகமேலாவில் அலெக்சாண்டர் வென்றார். அடுத்த ஆண்டு பெர்செபோலிஸ் எரிந்தது. ஆனால் அவர் முறையை எரிக்கவில்லை. சத்ரப் பதவி நீடித்தது, பாபிலோனில் பாரசீகரான மசேயஸையே சத்ரப் ஆக்கினார். சாலையும் கருவூலமும் அப்படியே கைமாறின. அவருக்குப் பின் வந்த செலூக்கியரும் மாகாணங்களைச் சத்ரப்களை வைத்தே ஆண்டார்கள்.

ஈரானிலேயே நடந்தது வேறு. பெயர்கள் மறந்துபோயின. பெர்செபோலிஸ் புராண அரசன் ஜம்ஷீதின் சிம்மாசனம் ஆனது, இன்றும் அங்கே அதற்குத் தக்த்-இ-ஜம்ஷீத் என்றுதான் பெயர். பசர்கடேயில் இருக்கும் சைரஸின் கல்லறையை சாலமோனின் தாயின் கல்லறை என்று நூற்றாண்டுகளாக மக்கள் வணங்கினார்கள். 1802-ல் குரோட்டஃபென்ட் என்ற ஜெர்மானியப் பள்ளி ஆசிரியர் பெர்செபோலிஸ் கல்வெட்டுகளில் அரசர் பெயர்களை அடையாளம் கண்டு, ராலின்சன் என்ற ஆங்கிலேயர் 1840-களில் பெகிஸ்தூன் வாசகத்தைப் படித்து முடித்த பிறகுதான், டேரியஸ் தன் சொந்தச் சொற்களில் மறுபடி பேசத் தொடங்கினார்.

இந்தியாவுக்கு வந்தது

காந்தாரமும் சிந்துவும் பேரரசின் கிழக்கு மாகாணங்கள் என்பதால் அரமேயம் எழுதத் தெரிந்தவர்கள் தட்சசீலம் வரை இருந்தார்கள். பேரரசு போன பிறகும் அவர்கள் போகவில்லை. வடமேற்கு இந்தியாவில் பயன்பட்ட, வலமிருந்து இடமாக எழுதும் கரோஷ்டி எழுத்து அரமேயத்திலிருந்து உருவானது. அசோகரின் ஷாபாஸ்கர்ஹி, மான்சேரா கல்வெட்டுகள் அந்த எழுத்தில் இருக்கின்றன. கந்தஹாரில் 1958-ல் கிடைத்த அசோகர் கல்வெட்டு கிரேக்கத்திலும் அரமேயத்திலும் எழுதப்பட்டது. டேரியஸ் இறந்து 200 ஆண்டுக்கு மேல் ஆன பிறகும், அந்தப் பகுதி மக்களிடம் ஆணையைச் சொல்ல ஒரு மௌரிய அரசருக்கு அரமேயம் தேவைப்பட்டது. பாறையில் ஆணையை வெட்டி, 'அரசர் இவ்வாறு கூறுகிறார்' என்று தொடங்கும் வழக்கமும் டேரியஸை நினைவூட்டுகிறது. ஆனால் இரண்டு பேரும் சொன்ன விஷயம் எவ்வளவு வேறு! ஒருவர் கலகக்காரனைக் கழுவேற்றியதைச் சொல்கிறார், மற்றவர் கலிங்கத்தில் செத்தவர்களுக்காக வருந்துகிறார். வடிவம் வந்தது, உள்ளடக்கம் அசோகருடையது.

நீர் விஷயத்தில் பாரசீகரின் பெயரைச் சுமப்பது கனாத். மலையடிவாரத்தில் ஊற்று வரை கிணறு தோண்டி, அங்கிருந்து மிக மெல்லிய சரிவில் நிலத்தடிச் சுரங்கம் வெட்டி, பம்போ ஏற்றமோ இல்லாமல் தண்ணீரை ஊருக்குக் கொண்டுவரும் அமைப்பு அது. வெயிலில் ஆவியாகாது. வறண்ட நிலத்துக்கு இப்படித் தண்ணீர் கொண்டுவந்தவருக்கு ஐந்து தலைமுறை அனுபவ உரிமையைப் பாரசீகர் கொடுத்ததாகப் பாலிபியஸ் என்ற கிரேக்கர் எழுதியிருக்கிறார். ஈரானில் பல கனாத்துகள் இன்னும் ஓடுகின்றன. 2016-ல் யுனெஸ்கோ அவற்றை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. கர்நாடகத்தின் பீதரில் பாமினி சுல்தான்கள் காலத்தில் வெட்டிய சுரங்க நீர்வழியும் இதே வகைதான்.

தமிழ்நாட்டுக்கு வந்தால், பல்லவர்கள் பாரசீகப் பகலவர் வழிவந்தவர்கள் என்று அடிக்கடி ஒரு பேச்சு எழும். பெயர் ஒலிப்பு ஒத்திருப்பதைத் தவிர அதற்கு உறுதியான ஆதாரம் கிடையாது. வரலாற்றாசிரியர்கள் பெரும்பாலோர் ஏற்பதில்லை. உண்மையான தொடர்பு சென்னையிலேயே இருக்கிறது. பறங்கிமலை தேவாலயத்தில் 1547-ல் போர்த்துக்கீசியர் கண்டெடுத்த கற்சிலுவையைச் சுற்றி ஒரு வாசகம் செதுக்கப்பட்டிருக்கிறது. அந்த மொழி பகலவி, சாசானியப் பாரசீகத்தின் எழுத்து மொழி. கடல் வழியே வந்த பாரசீகக் கிறிஸ்தவர்கள் விட்டுப்போனது அது.

எங்கே பார்க்கலாம்

பறங்கிமலைச் சிலுவையை யாரும் போய்ப் பார்க்கலாம். சைரஸின் உருளை லண்டனில், சூசா அரண்மனையின் வண்ண வில்லாளர் சுவர் பாரிஸ் லூவர் அருங்காட்சியகத்தில். பெர்செபோலிஸ் பலகைகளின் கதை கொஞ்சம் நீண்டது. 1930-களில் படித்துத் திருப்பித் தருவதாகச் சொல்லி அவை சிகாகோ பல்கலைக்கழகத்துக்குக் கடனாகப் போயின. பிறகு, ஈரான் அரசுக்கு எதிராக அமெரிக்க நீதிமன்றத்தில் இழப்பீடு வென்ற சிலர், அந்தத் தொகைக்காகப் பலகைகளைப் பறிமுதல் செய்து விற்க வேண்டும் என்று வழக்குப் போட்டார்கள். வழக்கு அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போய், 2018-ல் பலகைகளைத் தொட முடியாது என்று தீர்ப்பு வந்தது. வழக்கு நடந்த ஆண்டுகளில், எப்போது கைவிட்டுப் போகுமோ என்ற அச்சத்தில் ஆய்வாளர்கள் அவற்றை அவசர அவசரமாகப் படம் பிடித்து இணையத்தில் ஏற்றினார்கள். 2019-ல் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பலகைகள் ஈரானுக்குத் திரும்பின. யார் எத்தனை படி மாவு வாங்கினார் என்பதை இப்போது எவரும் திரையிலேயே பார்க்கலாம், முத்திரை பதிந்த தடம் உட்பட.